காதால் வைத்த டைமிங்

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து வீட்டுக்கு வந்ததும் என் கணவர் வெள்ளைச் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டுவார். மில்லில் கொடுத்த காக்கிச் சட்டைகளில் கிழிந்துபோன ஒன்றைப் போட்டுக்கொண்டு, வாசல் முற்றத்தில் நிற்கும் அம்பாசடரின் பானெட்டைத் திறப்பார். நான் அடுப்பில் கறியை ஏற்றிவிட்டு வெளியே வர வேண்டும். ஆக்சிலேட்டரை மிதிக்க அவருக்கு ஒரு கால் தேவை. அது என்னுடைய கால்.

எண்பதுகளின் நடுப்பகுதி அது. ராஜபாளையத்தில் மில் சுவரை ஒட்டிய தெருவில் குடியிருந்தோம். அவர் நூற்பாலையில் ஸ்பின்னிங் மேஸ்திரி. நான் ஸ்ரீவில்லிபுத்தூரில், கோர்ட்டுக்குப் பக்கத்துச் சந்தில் இருந்த அச்சகத்தில் புரூப் பார்த்தேன். கல்யாணத்துக்கு முன்பு மதுரையில் ஒரு செய்தித்தாளில் அதே வேலை. அங்கே விபத்தும் விலைவாசியும். இங்கே கல்யாணப் பத்திரிகை, கண்ணீர் அஞ்சலி, வக்கீல் நோட்டீஸ். வாரம் முழுக்க ஆளுக்கொரு இயந்திரச் சத்தத்தில் இருந்துவிட்டு, ஓய்வு நாளிலும் இருவருமாக இன்னொரு இயந்திரத்தின் முன்னால் நின்றோம். எனக்கு அதில் விருப்பம் இருந்ததா என்று யாரும் கேட்டதில்லை. நானும் கேட்டுக்கொண்டதில்லை.

கார் எங்களுக்கு வந்தபோதே கிழடு. வயதான டாக்டர் ஒருவர் தன் கொட்டகையில் போட்டு வைத்திருந்தார். பின்சீட்டில் கோழி அடை கிடந்தது. என் கணவர் காரை இழுத்து வந்து, மாதக்கணக்கில் பிரித்துப் பூட்டி ஓட வைத்தார். ஓட ஆரம்பித்த பிறகும் அதை விட்டபாடில்லை. ஒவ்வொரு ஞாயிறும் டைமிங் பார்த்தாக வேண்டும்.

டைமிங் என்பது என்ன என்று அவர் எனக்குச் சொன்னபடியே சொல்லிவிடுகிறேன். பெட்ரோல் இஞ்சினுக்குள் பிஸ்டன் மேலே ஏறி வரும்போது, அது உச்சியைத் தொடுவதற்குச் சற்று முன்னால் பிளக்கில் பொறி விழ வேண்டும். பொறி பிந்தினால் வண்டி சோம்பும், மேட்டில் இழுக்காது. ரொம்பவும் முந்தினால், ஏறி வருகிற பிஸ்டனின் தலையிலேயே வெடி இறங்கும். அப்போது தகர டப்பாவில் யாரோ சில்லறையைக் குலுக்குவது போல இஞ்சினுக்குள் சன்னமாக ஒரு சத்தம் கேட்கும். பொறி எப்போது விழ வேண்டும் என்பதைத் தீர்மானிக்கிற உருண்டைக்கு டிஸ்ட்ரிபியூட்டர் என்று பெயர். ஒர்க்‌ஷாப்பில் டெல்கோ என்பார்கள். ஒரு டம்ளர் அளவு இருக்கும். அதன் கழுத்தில் உள்ள போல்ட்டைத் தளர்த்திவிட்டு, கையால் லேசாக ஒரு பக்கம் திருப்பினால் பொறி முந்தும்; மறுபக்கம் திருப்பினால் பிந்தும்.

எங்கே நிறுத்துவது என்பதுதான் வேலை. இஞ்சினின் அடியில் உள்ள கப்பியில் அதற்கென்று ஒரு வெட்டும், அதற்கு எதிரே இஞ்சினில் உச்சிக்குறியும் உண்டு. அந்த வெட்டைப் பார்த்துக்கொண்டு, இரண்டு வயர் பிடித்த சின்ன பல்பை டெல்கோவில் மாட்டினால், பொறி விழும் நொடியில் பல்பு எரியும். மெக்கானிக்குகள் பலர் அப்படித்தான் வைத்தார்கள். அவருக்கு அது இளக்காரம்.

"பல்பு எரிய வச்சுப் பாக்கதுக்குப் பேரு டைமிங்கா? அது கோயில் கொடைக்குக் கட்டுற சீரியல் செட்டு. பெட்ரோலு வாரத்துக்கு ஒரு தினுசா வருது. பல்புக்கு அது தெரியுமா?"

அவர் காதால் வைத்தார். நான் சீட்டில் உட்கார்ந்து ஆக்சிலேட்டரை அவர் சொல்லும் அளவுக்கு மிதிப்பேன். அவர் தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து, டெல்கோவை நூலளவு முன்னே தள்ளுவார். இஞ்சின் விறுவிறுக்கும். இன்னும் நூலளவு. பிறகு போல்ட்டை முடுக்கிவிட்டு, வண்டியை எடுத்துக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூர் போய், அங்கிருந்து மலையடிவாரத்துக்குச் செல்லும் செண்பகத்தோப்பு ரோட்டில் விடுவார். அந்த ரோடு கண்ணுக்குத் தெரியாமல் ஏறுகிற ரோடு. டாப் கியரில் வண்டியை மெதுவாக்கி, திடீரென்று மிதிப்பார். சில்லறைச் சத்தம் லேசாகத் தலைகாட்டி உடனே மறைந்தால் டைமிங் சரி. மறையாமல் கூடவே வந்தால் அதிகம். வரவே இல்லையென்றால் குறைவு. இன்னும் முன்னே தள்ளலாம்.

இந்தக் கடைசி விதியை வாசகர் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

அவருடைய காது மில்லில் பேர் போனது. நூல் நூற்கும் ரிங் பிரேம்கள் ஓடும் கூடத்தில் நான் ஒரே ஒரு தடவை, ஆயுத பூஜைக்குக் குடும்பங்களை உள்ளே விட்டபோது, நின்றிருக்கிறேன். பூஜை முடிந்து ஒரு பிரேமை மட்டும் ஓட்டிக் காட்டினார்கள். அதற்கே நெஞ்சு அதிர்ந்தது. அத்தனையும் ஓடும் சத்தத்துக்கு நடுவே அவர் நடந்துபோய், ஒரு பிரேமின் முன் நின்று, இந்த ஸ்பிண்டிலில் பேரிங் போகப்போகிறது என்று கை வைப்பாராம். பிரித்தால் போயிருக்குமாம். பேரிங் சூடேறினால் சுற்றிலும் ஒட்டியிருக்கும் பஞ்சு பற்றிக்கொள்ளும். அதனால் ஸ்பின்னிங் மேஸ்திரிக்குக் காதுதான் உத்தியோகம். சம்பளம் அவர் கைக்கு வந்தாலும் சம்பாதித்தது காதுதான்.

அந்தச் சத்தத்தில் வாயால் பேசி ஆகாது. மில்காரர்கள் கையாலும் உதட்டாலும் பேசினார்கள். ஆள்காட்டி விரலையும் நடுவிரலையும் கத்தரி போல விரித்தால் நூல் அறுந்திருக்கிறது. முஷ்டியை மடக்கி உயர்த்தினால் பிரேமை நிறுத்து. நெற்றியில் கை வைத்தால் மேனேஜர் வருகிறார். மற்றதெல்லாம் உதட்டசைவு. அவர் வீட்டிலும் அப்படித்தான் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே பேசுவார். கல்யாணமான புதிதில் அதை நான் பிரியம் என்று எடுத்துக்கொண்டிருந்தேன்.

அவருக்கு முன்னால் இருந்த மேஸ்திரியின் கதையை அவரே எனக்குச் சொல்லியிருந்தார். அந்த மனிதருக்குக் காது மந்தமாகிவிட்டது. நூல் குடோனுக்கு மாற்றினார்கள். சம்பளம் குறையவில்லை. ஆனால் டீ குடிக்க வரும் ஆட்கள் அவர் முன்னால் நின்று, சத்தமே இல்லாமல் உதட்டை மட்டும் ஆட்டிக் கண்டதையும் பேசுவார்களாம். அவர் கேட்டதுபோலத் தலையாட்டுவாராம். எல்லோரும் சிரிப்பார்களாம். சொல்லிவிட்டு என் கணவரும் சிரித்தார். ஒரு வருஷம் கழித்து அதே கதையை இன்னொரு தடவை சொன்னார். அப்போது சிரிக்கவில்லை.

எங்கள் அடுத்த வீட்டுக்காரர் தெலுங்கு பேசுகிறவர். சத்திரப்பட்டிப் பக்கம் பேண்டேஜ் துணித் தறி போட்டிருந்தார். வாயில் எப்போதும் வெற்றிலையும் கேலியும். ஒரு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் சோதனை ஓட்டம் முடிந்து தெருவுக்குள் திரும்பியபோது அவர் கேட்டில் சாய்ந்து நின்றுகொண்டிருந்தார்.

"ஏமய்யா மேஸ்திரி, காருக்குச் சலங்கை கட்டிட்டீராக்கும்? தெரு முக்குல வரும்போதே ஜல்லு ஜல்லுங்குது. அடுத்தாப்புல மஞ்சள் பூசிப் பொட்டு வச்சிரும்!"

என் கணவர் வாய் கொள்ளாமல் சிரித்துக் கையை உயர்த்தினார். அவர் சிரித்ததால் இவர் சிரித்தார். அதற்குமேல் அந்தச் சிரிப்பில் ஒன்றுமில்லை என்பதை நான் பக்கத்து சீட்டிலிருந்து பார்த்தேன்.

சலங்கைச் சத்தம் எனக்கு முந்தைய வாரமே கேட்டிருந்தது. அதற்கு முந்தைய வாரம் கொஞ்சம். இந்த வாரம் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து வரும் வழி முழுக்க, லேசான மேட்டில்கூட இஞ்சின் சில்லறை குலுக்கியது. அவர் தெரிந்தே வைத்திருக்கிறார் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

புரூப் பார்க்கிறவளுக்கு ஒரு பிழை கண்ணில் பட்டால் அடுத்த பத்தியிலும் அதைத் தேடுகிற கெட்ட பழக்கம் உண்டு. அவர் முதுகுக்குப் பின்னால் நின்று, காபி போடவா என்று கேட்டேன். பதிலில்லை. முன்னால் வந்து கேட்டேன். "அரை டம்ளர் போதும்" என்றார். ஆராதனையில் பாடும்போது பக்கத்து ஆளின் வாயைப் பார்த்துக்கொண்டு, எல்லோருக்கும் ஒரு சொல் பிந்தியே பாடினார். மில் சங்கு கேட்டது. பஸ் ஹார்ன் கேட்டது. சைக்கிள் மணி கேட்கவில்லை. குக்கர் விசில் கேட்கவில்லை. தடித்த சத்தமெல்லாம் அவரிடம் இருந்தது. மெல்லிசு எல்லாம் போய்விட்டிருந்தது. இஞ்சினின் சில்லறைச் சத்தம் மெல்லிசில் மெல்லிசு.

அடுத்த வாரம் செண்பகத்தோப்பு ரோட்டில் வழக்கம்போல மிதித்துப் பார்த்தார். எனக்குப் பல் கூசியது.

"சத்தமே இல்ல பாத்தியா. இன்னும் செத்த முன்னால தள்ளலாம்."

வண்டியை ஓரம் கட்டி, பானெட்டைத் திறந்து, அங்கேயே தள்ளினார். பிறகு வனத்துறைச் செக்போஸ்ட்டுக்கு முன்னால் மரத்தடியில் நிறுத்தி இஞ்சினை அணைத்தார். கோடை. மலைச்சரிவு முழுவதும் சில்வண்டுகள் கத்திக்கொண்டிருந்தன. செக்போஸ்ட்டில் இருந்த வனக்காவலர் பக்கத்து ஆளிடம் பேசுவதற்குக் கத்திப் பேச வேண்டியிருந்தது. என் கணவர் சட்டைப் பொத்தானைக் கழற்றி, காற்று வாங்கிக்கொண்டு, மலையைப் பார்த்தபடி சொன்னார்:

"எம்புட்டு அமைதியா இருக்கு பாரு. ஊருக்குள்ள இது கெடைக்குமா?"

நான் ஆமாம் என்றேன்.

அன்றைக்கே சொல்லியிருக்கலாம். என்ன சொல்வது என்று யோசித்ததில் இரண்டு ஞாயிறு போயிற்று. காதைப் பற்றிச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. காரைப் பற்றிச் சொல்வது எளிது என்று பட்டது. அவர் முகத்துக்கு நேராக நின்று சொன்னேன்.

"டைமிங் கூடிப்போச்சுங்க. சத்தம் வருது."

"எந்தச் சத்தம்?"

"சில்லறைச் சத்தம்."

"எனக்குக் கேக்காத சத்தம் ஒனக்குக் கேட்டுதாக்கும்? ஏட்டி, நீ 'ன'வுக்கும் 'ண'வுக்கும் பஞ்சாயத்துப் பண்ணுறவ. இஞ்சினுக்குள்ளயும் எழுத்துப்பிழையா?"

"அடுத்த வீட்டுக்காரரும் சொன்னாரே, சலங்கைன்னு."

அவர் கையிலிருந்த ஸ்பானரைத் துடைக்க ஆரம்பித்தார். அது ஏற்கெனவே சுத்தமாக இருந்தது.

"எப்பச் சொன்னாரு?"

"நீங்க சிரிச்சீங்களே, அப்ப."

ஸ்பானரைப் பெட்டியில் வைத்தார். வேறு ஒன்றை எடுத்துத் துடைத்தார். "கறி அடிப்பிடிக்குது, போய்ப் பாரு" என்றார். கறி அடிப்பிடிக்கவில்லை. நான் போனேன்.

அதன்பிறகு வீட்டில் பேச்சு குறைந்தது. கோபம் என்று சொல்ல முடியாது. ஷிப்ட் முடிந்து வந்து, வாசலில் நின்று தலையிலும் தோளிலும் ஒட்டியிருக்கும் பஞ்சைத் தட்டிவிட்டு உள்ளே வருவார். சாப்பிடுவார். என் முகத்தைப் பார்ப்பதைத் தவிர்த்தார். பார்க்காமல் இருந்தால் நான் சொல்வது அவருக்குக் கேட்காது. கேட்கவில்லை என்பது எனக்குத் தெரிந்துவிடும். அதனால் தட்டைப் பார்த்துக்கொண்டே, நான் கேட்பதற்கு முன்பே தானாகப் பேசினார். ரசம் நல்லா இருக்கு. நாளைக்கு மழை வரும். அசதியாக இருக்கு. கடைசியில் சொன்னது மட்டும் நிஜம். அந்த நாட்களில் எனக்கும் அதே அசதிதான். ஒரு மனிதர் மறைக்கிறதைத் தெரியாததுபோல நடந்துகொள்வது, மறைப்பதைவிடச் சள்ளை பிடித்த வேலை.

தளவாய்புரத்தில் அவர் பெரியப்பா மகன் வீட்டுக் கல்யாணம். காலையில் பட்டுச் சேலை கட்டிக்கொண்டு நான் காரில் உட்கார்ந்தேன். சாவியைத் திருப்பினார். பாட்டரி இறங்கிப்போயிருந்தது, ஸ்டார்ட்டர் ஒரு முக்கு முக்கிவிட்டு நின்றது. இறங்கி, பானெட்டைத் திறந்து பாட்டரி வயரை ஆட்டிப் பார்த்துவிட்டு, டிக்கியிலிருந்து இஞ்சினைக் கையால் சுற்றுகிற ஹேண்டிலை எடுத்து, முன்னால் போய்ப் பம்பரின் ஓட்டைக்குள் விட்டார். ஹேண்டில் போட அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. கட்டைவிரலை மற்ற விரல்களோடு ஒரே பக்கம் வைத்துப் பிடிக்க வேண்டும். கீழிருந்து மேலே இழுக்க வேண்டும். அப்படித்தான் இழுத்தார்.

இஞ்சின் ஒரு தடவை வெடித்தது. ஹேண்டில் அவர் இழுத்த திசைக்கு எதிராகத் திரும்பி, கையை உதறிக்கொண்டு மணிக்கட்டில் அடித்தது. ஓலைமட்டை முறிவதுபோல ஒரு சத்தம். அது எனக்குக் கேட்டது.

நான் கதவைத் திறந்துகொண்டு ஓடியபோது அவர் வலது கையை மடியில் வைத்துக்கொண்டு படியில் உட்கார்ந்திருந்தார். கை ஏற்கெனவே வீங்கத் தொடங்கியிருந்தது. அவர் கையைப் பார்க்கவில்லை. திறந்திருந்த பானெட்டுக்குள் டெல்கோவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பொறி மிகவும் முந்தினால்தான் ஹேண்டில் திருப்பி அடிக்கும். பிஸ்டன் ஏறி முடிப்பதற்கு வெகு முன்பே வெடித்து, இஞ்சினையே பின்னோக்கித் தள்ளிவிடும். இதை எனக்குச் சொல்லிக்கொடுத்ததே அவர்தான்.

அடுத்த வீட்டுக்காரர் வேட்டியை மடித்துக்கட்டிக்கொண்டு ஓடி வந்தார். "ஐயையோ, என்னய்யா இது! நான் அன்னைக்கே..." என்று ஆரம்பித்து, என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

"முன்னால இருக்கு" என்றார் என் கணவர். எங்கள் இருவரிடமும் சொன்னது போலத் தெரியவில்லை. "ரொம்ப முன்னால இருக்கு."

ஸ்ரீவில்லிபுத்தூரில் எலும்பு டாக்டரிடம் போகப் பஸ் ஏறினோம். வழியெல்லாம் பஸ்ஸின் சத்தம். நல்லவேளை, பேச வேண்டியிருக்கவில்லை. டாக்டர் கட்டுப் போட்டார். போடும்போது, அவர் முகத்தைப் பார்க்காமல் வேலையைப் பார்த்தபடியே, "விரலை அசைங்க" என்றார். என் கணவர் அசைக்கவில்லை. டாக்டர் இன்னொரு முறை சொன்னார். நான் அவர் தோளைத் தொட்டு, என் விரல்களை ஆட்டிக் காட்டினேன். அசைத்தார். டாக்டர் நிமிர்ந்து எங்கள் இரண்டு பேரையும் ஒரு கணம் பார்த்துவிட்டு, கேட்காமல் விட்டார்.

திரும்பி வரும் வழியில் பஸ் ஸ்டாண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். பட்டுச் சேலையில் நான், மாவுக்கட்டுடன் அவர். கல்யாணத்துக்குப் போகவில்லை என்பதை யாருக்கும் சொல்லி அனுப்பவும் இல்லை. ஒருவன் பால்கோவாப் பொட்டலங்களை நீட்டினான். வேண்டாம் என்று தலையாட்டினேன். என் கணவர் என் பக்கம் திரும்பாமல் பேசினார்.

"பிரேம் சத்தம் இப்ப எனக்குக் கேக்கல. கொஞ்ச நாளாவே கேக்கல. பசங்க மூஞ்சியப் பாத்துத்தான் கண்டுபிடிக்கேன். எந்தப் பிரேம் பக்கம் போகும்போது அவனுங்க மூஞ்சி மாறுதோ, அதுல கை வைக்கேன். தப்பாம இருந்துச்சு."

நான் எது சொன்னாலும் அவருக்குக் கேட்காது. அவர் அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார்.

"போன வாரம் ஒரு பேரிங் காஞ்சு பஞ்சு பத்திக்கிச்சு. சின்னதுதான். ஒரு பிள்ள பாத்து மணலக் கொட்டிட்டா. நான் ரெண்டு பிரேம் தள்ளித்தான் நின்னுட்டிருந்தேன்."

பஸ் வந்தது. ஏறினோம்.

கட்டுப் போட்டிருந்த நாட்களில் அவர் மெடிக்கல் லீவில் வீட்டில் இருந்தார். கார் முற்றத்தில் நின்றது. கட்டுப் பிரித்த பிறகு வந்த ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்து வந்து நான் அடுப்பைப் பற்றவைத்துக்கொண்டிருந்தபோது வெளியே பானெட் திறக்கும் சத்தம் கேட்டது. ஆக்சிலேட்டர் மிதிக்கக் கூப்பிடுவார் என்று காத்திருந்தேன். கூப்பிடவில்லை. போய்ப் பார்த்தேன்.

காரின் அடியில் சாக்கை விரித்துப் படுத்திருந்தார். கப்பியின் விளிம்பைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்துக்கொண்டிருந்தார். துருவும் கிரீஸும் அவர் முகத்தில் உதிர்ந்தன. தேய்த்து முடித்து, விரலில் சுண்ணாம்பைத் தொட்டு, அங்கே இருந்த சின்ன வெட்டில் பூசினார். பிளக்குகள் நான்கும் கழற்றப்பட்டுப் பழைய செய்தித்தாளின் மேல் வரிசையாகக் கிடந்தன. டெல்கோவின் பக்கத்தில், இரண்டு வயர் பற்றவைத்த ஒரு பழைய டெயில் லைட் பல்பு தொங்கிக்கொண்டிருந்தது.

நான் பல்பைப் பார்ப்பதை அவர் பார்த்தார்.

"ஹேண்டில நீ சுத்து. பிளக்கக் கழட்டியாச்சு, அடிக்காது. மெதுவா. என் கையப் பாத்துக்க."

சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஹேண்டிலைப் பிடித்தேன். கட்டைவிரலை எங்கே வைக்க வேண்டும் என்று எனக்கும் தெரியும். பம்பருக்குக் கீழே அவருடைய இடது கை மட்டும் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. இஞ்சின் முனகிக்கொண்டு சுற்றியது. வெட்டு உச்சிக்குறியை நெருங்கியபோது அந்தக் கை முஷ்டியாக மடங்கி உயர்ந்தது. நிறுத்தினேன். அவர் வெளியே வந்து, எழுந்து, டெல்கோவைப் பின்பக்கம் கொண்டுபோனார். நிறையவே பின்னால் போயிற்று. பிறகு மெதுவாக முன்னே. பல்பு எரிந்தது. வெயிலில் அது மங்கலாகத்தான் தெரிந்தது. கையால் மறைத்து, குனிந்து, இன்னொரு தடவை அணைத்து, எரியவைத்துப் பார்த்தார். எரிகிற இடத்தில் போல்ட்டை முடுக்கினார். வலது மணிக்கட்டு இன்னும் சரியாகத் திரும்பவில்லை. இடது கையால் முடுக்கினார்.

அடுத்த வீட்டுக்காரர் மதிலுக்கு மேலே தலையை நீட்டினார். பல்பைப் பார்த்தார். என்னையும் ஹேண்டிலையும் பார்த்தார். அவர் ஏதாவது சொல்வார் என்று நான் காத்திருந்தேன். வெற்றிலையை மென்றுகொண்டு, "வெயிலு ஜாஸ்தியா இருக்கு. மோரு குடுத்து விடுதேன்" என்றார். கொடுத்தும் விட்டார்.

மாலையில் செண்பகத்தோப்பு ரோட்டுக்குப் போனோம். ஏறுகிற இடம் வந்ததும் வேகத்தைக் குறைத்தார்.

"நீ கேளு" என்றார். "சத்தம் வந்துச்சுன்னா வாயால சொல்லாத. நூல் அறுந்த மாதிரிக் காட்டு."

மிதித்தார். வண்டி தம் பிடித்து ஏறியது. சில்லறைச் சத்தம் தலைகாட்டியது. நான் இரண்டு விரலை விரித்தேன். சத்தம் மறைந்தது, மடக்கினேன். அவர் ரோட்டையும் என் கையையும் மாறி மாறிப் பார்த்தார். திருப்பிக்கொண்டு வந்து மறுபடியும் ஏறினோம். விரித்தேன். மடக்கினேன்.

"அம்புட்டுத்தானா? கூடவே வரலையே?"

இல்லை என்று தலையாட்டினேன்.

மரத்தடியில் நிறுத்தி இஞ்சினை அணைத்தார். கொஞ்ச நேரம் மலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு முழுதாக என் பக்கம் திரும்பி, என் முகத்துக்கு நேராக உட்கார்ந்துகொண்டு கேட்டார்.

"இப்ப சில்வண்டு கத்துதா?"

"கத்துது."

"எம்புட்டு?"

"காது கிழியுது."

"அன்னைக்கும் கத்துச்சா?"

"அன்னைக்கும்தான்."

அவர் தலையை ஆட்டினார். ஸ்டீயரிங்கின் மேல் இருந்த தூசியை உள்ளங்கையால் துடைத்தார். ஆறுதலாகச் சொல்லத்தக்க வாக்கியம் ஏதாவது இருந்திருக்கலாம். அந்த நேரத்தில் எனக்கு அது கிடைக்கவில்லை. கிடைத்திருந்தாலும் மிகவும் களைப்பாக இருந்தது.

"நாளைக்கு ஆபீஸ்ல சொல்லிருதேன்" என்றார். "அவனுங்களா கண்டுபிடிச்சுக் குடோன்ல போடறதுக்கு முன்னால."

சொன்னார். மேனேஜர் நல்ல மனிதர். வருத்தப்பட்டார், டீ வாங்கிக்கொடுத்தார், அந்த வாரமே நூல் குடோனுக்கு மாற்றினார். ஸ்பின்னிங்குக்கு வேறொரு மேஸ்திரி வந்தார். டீ நேரத்தில் ஆட்கள் அவர் முன்னால் வந்து உதட்டை மட்டும் ஆட்டினார்களா என்று நான் கேட்டதில்லை. ஒருநாள் அவராகவே சொன்னார்: "ஒருத்தன் ஆட்டினான். சத்தமா ஆட்டுலே, மெல்லிசா இருக்குன்னு சொன்னேன். ஓடிட்டான்."

கார் தொண்ணூறுகளிலும் எங்களோடு இருந்தது. ஞாயிறுதோறும் என்பது போய், வண்டி சோம்பும்போது மட்டும் என்றாயிற்று. பல்பும் சுண்ணாம்பும் ஹேண்டிலும். ஏறுகிற ரோட்டில் என் விரல்கள்.

குடோனில் சிப்பம் கட்டிய நூல்தான் இருக்கும். பஞ்சு பறக்காது. அவர் சுத்தமான தலையோடு, சுத்தமான சட்டையோடு வீட்டுக்கு வந்தார். ஆனாலும் உள்ளே நுழைவதற்கு முன் வாசலில் நின்று, தலையையும் தோளையும் ஒரு தடவை தட்டிவிட்டுத்தான் வருவார். ஓய்வு பெறும்வரை அப்படித்தான் தட்டினார். நான் உள்ளேயிருந்து அந்தச் சத்தத்தைக் கேட்டதும் சாப்பாட்டை எடுத்து வைப்பேன்.